வரும் என்று சொன்னவர்

அந்தக் கடையில் ஒரு வாடிக்கையாளரிடம் நான் பேசிய முதல் சொல் ‘இல்லீங்க’ என்பதுதான். வேலைக்குச் சேர்ந்த முதல் நாள். கடை திறந்து போட்ட சாம்பிராணிப் புகைகூட அடங்கவில்லை. இரண்டாம் மாடிக்கு முதல் ஆளாக ஏறிவந்த ஒரு பெண்மணி, மகளுக்கு மாம்பழ மஞ்சளில் பாவாடை தாவணி வேண்டும் என்று கேட்டார். அலமாரியை மேலும் கீழும் பார்த்தேன். மஞ்சள் இருந்தது, மாம்பழ மஞ்சள் இல்லை. உள்ளதைத்தானே சொல்கிறோம் என்ற தெம்பில் ‘இல்லீங்க’ என்றேன். பக்கத்தில் நின்ற இரண்டு பெண்களும் நான் துணியில் நெருப்பு வைத்துவிட்டது போலத் திரும்பிப் பார்த்தார்கள். என் முதுகுக்குப் பின்னாலிருந்து ஒரு குரல், “வரும்மா. வெள்ளிக்கெழம சாயங்காலம் வாங்க, எடுத்து வெக்கிறேன்” என்றது. அந்தப் பெண்மணி தலையாட்டிவிட்டுப் போனார். அவர் படி இறங்கும்வரை பொறுத்திருந்துவிட்டு, குரலுக்குரியவர் என்னிடம் கேட்டார். “வூட்ல அரிசி தீந்துபோனா உங்கம்மா இன்னா சொல்லுவாங்க?”

“அரிசி நெறஞ்சிருக்குன்னு சொல்லுவாங்க சார்.”

“அவ்ளோதாம்மா. கடையும் வூடுதான்.”

எங்கள் வீடு ஞாயிற்றுக்கிழமை தவறாமல் மாதா கோயில் பூசைக்குப் போகிற வேதக்காரர் வீடு. நல்ல நேரம், கெட்ட நேரம் எதுவும் பார்க்க மாட்டோம். ஆனாலும் அரிசி தீர்ந்தது என்று அம்மா வாயால் சொல்லி நான் கேட்டதில்லை. அதனால் அவர் சொன்னது அப்போதே புரிந்தது. அன்றிலிருந்து அந்தக் கடையில் நான் வேலை பார்த்த காலம் முழுவதும் ‘இல்லை’ என்ற சொல்லை உச்சரிக்கவில்லை. அதற்குப் பதிலாக அவர் கற்றுக்கொடுத்த சொல் ‘வரும்.’ அந்த ஒரு சொல் அவரையே தின்றுவிட்டது. அதைத்தான் எழுத உட்கார்ந்திருக்கிறேன். எழுதுவதால் அவருக்கு ஒரு பயனும் இல்லை என்பது எனக்குத் தெரியும்.

அவர் கழுத்தில் தொங்கிய அட்டையில் ‘ஜெனரல் மேனேஜர்’ என்று எழுதியிருக்கும். எங்களுக்கு மேனேஜர் சார். ஊருக்கு ‘டை சார்.’ சித்திரை வெயிலில் ஆரணியின் தார்ச்சாலை இளகிச் செருப்பைப் பிடித்துக்கொள்ளும். அப்போதும் கழுத்தை இறுக்கி டை கட்டிக்கொண்டு நடந்த ஒரே மனிதர் அவராகத்தான் இருக்கும். அந்த முடிச்சை யாரோ எப்போதோ போட்டுக் கொடுத்தார்கள் என்றும், அதை அவிழ்க்காமலே தலைவழியாக மாட்டிக் கழற்றுகிறார் என்றும் மாடிப் பெண்களுக்குள் ஒரு பேச்சு உண்டு. உண்மைதான் என்று பிற்பாடு அவர் மனைவியே என்னிடம் சொன்னார். தலைக்கும் மீசைக்கும் சாயம் போடுவார். சாயம் காதோரம் ஒட்டிக்கொண்டு வரும் நாட்களில் நாங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் இருக்கப் பெரும்பாடு படுவோம். எனக்கு முதலில் அவரைப் பிடிக்கவில்லை. கால் மாற்றி நின்றால் பார்ப்பார், கொட்டாவி விட்டால் பார்ப்பார். திட்ட மாட்டார், பக்கத்தில் வந்து நிற்பார். அதற்குத் திட்டிவிட்டே போகலாம்.

கடை நான்கு தளம். கீழே மளிகையும் பாத்திரமும், அதற்கு மேலே ரெடிமேடும் பிள்ளைகள் துணியும், இரண்டாம் மாடியில் புடவை, அதற்கும் மேலே பட்டும் வேட்டியும். பட்டு நெய்கிற ஊரில் பட்டுக்கென்று ஒரு மாடி வைத்தால் யார் வாங்குவார்கள் என்று ஊரே சிரித்ததாம். தறி இருக்கிற வீட்டு வாசலிலேயே வாங்கிக்கொள்ளலாமே. அந்த யோசனை மேனேஜர் சாருடையது. பெரிய முதலாளி ஒற்றைக் கதவுள்ள துணிக்கடை வைத்திருந்த நாளிலேயே அவரிடம் வேலைக்கு வந்து சேர்ந்தவர் இவர். பக்கத்துச் சேவூரில் தறிக்காரர் குடும்பத்தில் பிறந்தவர். அண்ணன் தம்பி எல்லாரும் தறியில் உட்கார, இவர் ஒருவர் மட்டும் கடைக்குப் போனார். தறிக்காரர் வீட்டில் பாயில் உட்கார்ந்து பத்துப் புடவையைப் பிரித்துப் பார்த்துவிட்டு வேண்டாம் என்று எழுந்துவர யாருக்கும் மனசு வராது என்பது அவருக்குத் தெரியும். “ஜனங்களுக்கு வேணான்னு சொல்ல ஒரு எடம் வேணும் மொதலாளி. அதான் கடை” என்று பெரிய முதலாளியிடம் சொன்னாராம். அந்த ஒரு பேச்சில்தான் மேல் மாடி எழும்பியது. பெரிய முதலாளியே ஆயுத பூஜை அன்று எங்கள் எல்லாரையும் நிற்கவைத்து இதைச் சொல்லுவார். பக்கத்தில் மேனேஜர் சார் தரையைப் பார்த்துக்கொண்டு நிற்பார், டையைத் தடவியபடி.

வாங்க வந்தவர் வேண்டாம் என்று சொல்லலாம். கடை இல்லை என்று சொல்லக்கூடாது. இதுதான் அவருடைய வியாபாரம். கேட்பதற்குத் தந்திரம் போல இருக்கும். எத்தனையோ கடைகளில் தந்திரமாகத்தான் சொல்கிறார்கள். ஆளை அனுப்ப வேண்டும், முகம் கோணக்கூடாது, அதற்கு ஒரு ‘வரும்.’ அவர் சொன்னது அப்படி அல்ல. அவர் வரும் என்று சொன்னால் அது வந்தது. வராததை நடந்து போய், வண்டியில் போய், கெஞ்சிக் கூட்டிக்கொண்டு வந்தார். அந்த மாம்பழ மஞ்சளும் வெள்ளிக்கிழமை மதியமே வந்துவிட்டது. அந்தப் பெண்மணிதான் சனிக்கிழமை வந்தார்.

ஆரணிப் பக்கத்துச் சேத்துப்பட்டிலிருந்து ஒரு டீச்சர் வருவார். ஒருநாள் வெங்காயச் சருகு நிறத்தில் பட்டு கேட்டார். ஜரிகை இருக்கக்கூடாது, கரை மட்டும் கொஞ்சம் அடர்த்தியாக இருக்க வேண்டும். அந்த நிறத்தில் ஜரிகை இல்லாமல் யார் நெய்து வைத்திருப்பார்கள்? நான் வாயைத் திறப்பதற்குள் மேனேஜர் சார், “வரும் டீச்சர். ஒரு மாசம் டைம் குடுங்க” என்றார். அவர் போனதும் என்னிடம், “உங்க தெருவுல வெங்காயக் கலர் யார் தறியிலனா ஓடுதா பாரும்மா” என்றார். எங்கள் வீடும் சேவூர்தான். ஓடவில்லை. அவரே சாயம் போடுகிறவரைப் பிடித்து, ஒரு வெங்காயத்தை உரித்து அதன் மேல்தோலை மேசைமீது வைத்து, இது வேண்டும், இதற்கு ஒரு பிடி குறையக்கூடாது, கூடவும் கூடாது என்றாராம். இரண்டு முறை நிறம் தப்பியது. இரண்டு நூலையும் கடையே எடுத்துக்கொண்டது. மூன்றாம் முறை வந்த புடவையை டீச்சர் மடியில் போட்டுப் பார்த்துவிட்டு, “இதுதான் சார்” என்று சொல்லி எடுத்துக்கொண்டு போனார். இதற்குப் பின்னால் இவ்வளவு நடந்தது என்று அவருக்கு இன்றுவரை தெரியாது. யாருக்கும் தெரியாதபடி நடந்தால்தான் அது வியாபாரம் என்று மேனேஜர் சார் நினைத்தார்.

தை மாதம் கல்யாணக் கும்பல் ஏறிவரும்போது அவரைப் பார்க்க வேண்டும். பெண்ணுக்கு ஒரு புடவை எடுக்க வேன் நிறைய ஆள் வந்திருப்பார்கள். ஆளுக்கு ஒரு நிறம் சொல்லுவார்கள். நாங்கள் யார் சொல்வதைக் கேட்பது என்று திணறுவோம். அவர் லிப்டுக்குப் பக்கத்தில் தன்னுடைய இடத்தில் நின்று ஒரு நிமிஷம் பார்ப்பார். பிறகு என் காதருகே வந்து, “சத்தம் போடறவங்களுக்குக் காட்டாத. பொண்ணு பொடவையத் தொட்டவொடனே யார் மொகத்தப் பாக்குதோ, அவங்களாண்ட கொண்டுபோய்ப் போடு” என்பார். அநேகமாக அது ஓரத்தில் பேசாமல் உட்கார்ந்திருக்கும் ஒரு அத்தையாகவோ பெரியம்மாவாகவோ இருக்கும். அவருக்கு முதலில் குளிர்பானம் போகும், பிறகு புடவை போகும். சொல்லிவைத்த மாதிரி அவர் கை வைத்ததுதான் முடியும். இதை அவர் எங்கிருந்து கற்றார் என்று கேட்டிருக்கிறேன். “நின்னுகினே இருந்தா எல்லாம் தெரியும்மா” என்றார். நின்றுகொண்டேதான் இருந்தார். அந்த மாடியில் அவர் உட்கார்ந்து நான் பார்த்தது ஒரே ஒருமுறை. அது எந்த நாளில் என்பதைப் பிறகு சொல்கிறேன்.

நாங்கள் மட்டும் சும்மா இருந்தோமா? எங்களுக்கும் கால் வலிக்கிறது, கவுன்டருக்கு ஒரு ஸ்டூலாவது வேண்டும் என்று கூட்டமாகப் போய்க் கேட்டோம். “வரும்” என்றார். நாங்கள் சிரித்துவிட்டோம். எங்களுக்கே எங்கள் வசனமா என்று ஒருத்தி முகத்துக்கு நேரே கேட்டாள். அவருக்குக் கோபம் வரவில்லை, முகம்தான் சின்னதாகிப் போனது. இரண்டு தீபாவளி கழிந்தது. மூன்றாம் தீபாவளிக்கு முன்னால் ஒருநாள் காலை, ஷேர் ஆட்டோவின் தலையில் சிவப்பு பிளாஸ்டிக் ஸ்டூல்களை அடுக்கிக் கட்டி, விழாமல் ஒரு கையால் பிடித்துக்கொண்டு, டை காற்றில் பறக்க வந்து இறங்கினார். பெரிய முதலாளியிடம் எத்தனை முறை கேட்டாரோ தெரியாது. ஆனால் வந்தது. அன்றைக்குத்தான் அவரை எனக்குப் பிடித்துப்போனது. அவருடைய ‘வரும்’ மேல் எனக்கும் ஒரு நம்பிக்கை விழுந்ததும் அன்றுதான்.

இதை இவ்வளவு நீட்டிச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. பின்னால் நடந்ததைக் கேட்டவர்கள் எல்லாரும், இவ்வளவு வருஷம் கடை நடத்தியவருக்கு இதுகூடவா புரியவில்லை என்று கேட்கிறார்கள். அவருக்குப் புரியாமல் போனதற்கு அவருடைய நேர்மைதான் காரணம். தன் வாயிலிருந்து வந்தால் அந்தச் சொல்லுக்கு என்ன பொருளோ, அதே பொருள்தான் எல்லார் வாயிலும் இருக்கும் என்று நம்பினார்.

பெரிய முதலாளி இறந்த பிறகு மகன் பொறுப்புக்கு வந்தார். சின்ன முதலாளி கெட்டவர் அல்ல. பள்ளிக்கூட விடுமுறைகளில் கடைக்கு வந்து மேனேஜர் சாரின் பின்னாலேயே சுற்றியவர்தான். கடைப் பேச்சு முழுவதையும் அவரிடமிருந்து எடுத்துக்கொண்டார். அந்தப் பேச்சின் பின்னால் ஓடிய வண்டியை மட்டும் எடுத்துக்கொள்ளவில்லை. கடையை இடித்துக் கட்டப் போகிறோம், முகப்பு முழுக்கக் கண்ணாடி, எஸ்கலேட்டர், கீழே தனியாகக் குழந்தைகள் விளையாட இடம் என்று ஒருநாள் காலைக் கூட்டத்தில் சொன்னார். எங்களில் பாதிப் பேர் அப்போதே வேறு இடம் தேடிக்கொண்டோம். நான் ஒரு ஸ்கேன் சென்டரில் ரிசப்ஷனுக்குப் போனேன். மேனேஜர் சாரிடம் சின்ன முதலாளி சொன்னது இதுதான்: “சார், நீங்க கொஞ்ச நாளு ரெஸ்ட் எடுங்க. வேல முடியட்டும். நாங்களே கூப்புடுறோம்.”

நாங்களே கூப்பிடுகிறோம். அவர் அதை அப்படியே வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போனார்.

மறுநாளிலிருந்து வழக்கம் போலக் குளித்து, வெள்ளைச் சட்டை போட்டு, டையை மாட்டிக்கொண்டு, இடிக்கிற கட்டடத்துக்கு எதிரே போய் நிற்க ஆரம்பித்தார். பஸ்ஸில் போகும்போது நான் பார்ப்பேன். தூசியில் தலைச்சாயம் வெளுத்துப்போய்த் தெரியும். கட்டட மேஸ்திரி முதலில் அவரை முதலாளி வீட்டு ஆள் என்று நினைத்து மரியாதை கொடுத்தாராம். அவரும், “படிய அந்தப் பக்கம் வெக்காதீங்க மேஸ்திரி. பொம்பளைங்க ரெண்டு கைலயும் பை வெச்சுகினு எறங்குவாங்க, திரும்பறதுக்கு எடம் வேணும்” என்று யோசனை சொல்லியிருக்கிறார். மேஸ்திரி சின்ன முதலாளியைக் கேட்க, அவர் சிரித்துக்கொண்டே, “சொன்னா கேட்டுக்குங்க, வரைபடத்துல இருக்கறத செய்யுங்க” என்றாராம். அதன்பிறகு மேஸ்திரி அவரைக் கண்டால் தலையை மட்டும் அசைத்துவிட்டுத் திரும்பிக்கொள்வார். இதையெல்லாம் எதிரே இருந்த டீக்கடைக்காரர்தான் சொன்னார். சொல்லும்போது அவருக்கே சங்கடமாக இருந்தது.

இடையில் ஒரு நல்ல காரியம் தேடி வந்தது. சேத்துப்பட்டில் புதிதாகத் துணிக்கடை திறந்தவர் பழத்தட்டோடு வீட்டுக்கே வந்தார். நீங்கள் வந்து நின்றால் போதும், கடையை உங்கள் கையில் விட்டுவிடுகிறேன் என்றார். மேனேஜர் சார் என்ன சொல்லியிருக்க வேண்டும்? எனக்கு வேறு இடத்தில் வாக்கு இருக்கிறது, வர முடியாது என்று சொல்லியிருக்கலாம். அல்லது வருகிறேன் என்று சொல்லியிருக்கலாம். இரண்டில் எது சொல்லியிருந்தாலும் நன்றாக இருந்திருக்கும். அவருக்கு ஒருவர் முகத்துக்கு நேரே இல்லை என்று சொல்ல வரவில்லை. “பாக்கலாங்க. நானே சொல்றேன்” என்று அனுப்பினார். அந்த மனிதர் இன்னொரு முறையும் வந்தார். அப்போதும் அதே பதில். பிறகு அவர் வந்தவாசிப் பக்கத்திலிருந்து வேறு ஒருவரை வைத்துக்கொண்டார். ‘நானே சொல்றேன்’ என்றால் என்ன பொருள் என்பது சேத்துப்பட்டுக்காரருக்குத் தெரிந்திருந்தது.

சின்ன முதலாளிக்கு அவ்வப்போது போன் செய்வார். பேசிவிட்டு முகம் மலர்ந்து வருவார் என்று அவர் மனைவி சொன்னார். “இன்னா சொன்னாரு?” என்று அந்த அம்மா கேட்டால், “வேல நடந்துகினுகீது. கூப்புடுறேன்னாரு” என்பார். அந்த அம்மாவுக்கு அப்போதே சந்தேகம். கடைக்காரர் பெண்டாட்டியாக இத்தனை வருஷம் இருந்தவர் அல்லவா. “கூப்புடறவன் போனை அவன்தான பண்ணுவான்?” என்று ஒருநாள் கேட்டுவிட்டார். அன்று முழுவதும் அவர் சாப்பிடவில்லை. அதிலிருந்து அந்த அம்மா கேட்பதை நிறுத்திக்கொண்டார்.

கடைசியில் திறப்பு விழாவுக்கு அழைப்பிதழ் வந்தது. ஆள் விட்டு, வீடு தேடிக் கொடுத்தார்கள். கூப்பிட்டுவிட்டார்கள் என்றே அவர் நினைத்தார். வேறு எப்படி நினைப்பார்? புதிதாக ஒரு டை வாங்கிக்கொண்டார். அதற்கு யாரைப் பிடித்து முடிச்சுப் போட்டாரோ தெரியவில்லை. பழைய வேலைக்காரர்கள் என்ற முறையில் எங்களையும் அழைத்திருந்தார்கள். மேடையில் அவர் பெயரை மைக்கில் சொல்லி, இந்தக் கடையின் தூண் என்று புகழ்ந்து, பொன்னாடை போர்த்தி, கண்ணாடிப் பெட்டியில் வைத்த ஒரு நினைவுப் பரிசைக் கையில் கொடுத்தார்கள். எல்லாரும் கை தட்டினோம். என் பக்கத்தில் நின்றவள், ஸ்டூல் கேட்டபோது முகத்துக்கு நேரே பேசியவள், கை தட்டிக்கொண்டே அழுதாள். அவளுக்குப் புரிந்துவிட்டது. எனக்கும் புரிந்தது. வேலைக்கு எடுக்கப்போகிற ஆளுக்கு யாரும் பொன்னாடை போர்த்துவதில்லை.

மேடையிலிருந்து இறங்கியவர் நேராக எஸ்கலேட்டரில் ஏறினார். நான் பின்னாலேயே போனேன். புடவை மாடியில் லிப்டுக்குப் பக்கத்தில், பழைய கடையில் அவர் நிற்கிற இடம் எங்கே இருந்திருக்குமோ கிட்டத்தட்ட அங்கே போய், பொன்னாடை தோளில் கிடக்க, கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றார். கூட்டம் மோதிக்கொண்டு போனது. புதிதாகச் சேர்ந்த ஒரு பெண், என்ன வயது இருக்கும், நான் வேலைக்கு வந்தபோது இருந்த வயதுதான், கும்பிட்டபடி வந்து, “வாங்க ஐயா. இன்னா பாக்கறீங்க? பொடவையா, வேட்டிங்களா?” என்று கேட்டாள்.

“நான் இங்கதாம்மா” என்றார்.

அவளுக்கு விளங்கவில்லை. வயதானவர், கூட்டத்தில் கூட வந்தவர்களைத் தவறவிட்டுவிட்டார் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டாள். ஓடிப்போய் ஒரு நாற்காலி கொண்டுவந்து போட்டு, “உக்காருங்க ஐயா, வந்துருவாங்க” என்று சொல்லிக் கையில் ஒரு குளிர்பானப் பாட்டிலையும் கொடுத்தாள். அவளுக்கு நல்லபடியாகத்தான் கற்றுக்கொடுத்திருந்தார்கள். அவர் உட்கார்ந்தார். அந்த மாடியில் அவர் உட்கார்ந்து நான் பார்த்தது அப்போதுதான். பாட்டிலைத் திறக்காமல் மடியில் வைத்துக்கொண்டு, போகிற வருகிற கும்பலைப் பார்த்துக்கொண்டிருந்தார். என்னைக் கண்டதும், “அந்தப் பொண்ணு அத்தை மொகத்தப் பாக்குது பாரு, இவங்க அம்மாளாண்ட காட்டினுகீறாங்க” என்றார். எனக்கு அங்கே நிற்க முடியவில்லை. கீழே இறங்கி வந்துவிட்டேன்.

அன்றோடு அவருக்குத் தெரிந்திருக்கும் என்று நினைத்தேன். தெரியவில்லை. திறப்பு விழா அவசரத்தில் பேச நேரம் இருந்திருக்காது, தீபாவளிக்குக் கூப்பிடுவார்கள் என்று வீட்டில் சொன்னாராம். தீபாவளி போயிற்று. பொங்கலுக்கு என்றார். பொங்கலும் போயிற்று. சர்க்கரை ஏறியது, உடம்பு இறங்கியது. மகன் வெளியூரில் வேலையில் இருக்கிறார், எங்களோடு வந்து இருங்கள் என்று கூப்பிட்டார். திடீரென்று கடையிலிருந்து ஆள் வந்தால் நான் ஊரில் இல்லாமல் எப்படி என்று போக மறுத்தார். மகனோடு பேச்சு வார்த்தை குறைந்தது. ஒரு மனிதர் தன் வீட்டுக் கூடத்திலேயே கண்ணுக்கு எதிரே கரைந்துகொண்டிருந்தார். ஊரில் ஒருவர் வாயிலிருந்தும் ‘இல்லை’ என்ற ஒரு சொல் வரவில்லை.

ஒருநாள் அவர் மனைவி நான் வேலை செய்கிற இடத்துக்கே வந்துவிட்டார். வரிசையில் நோயாளிகளோடு உட்கார்ந்து, கூட்டம் குறையும்வரை காத்திருந்து, மேசைக்கு அருகே வந்து சொன்னார். “நீ வந்து சொல்லு. நான் சொன்னா சண்டைக்கு வராரு. புள்ள சொன்னா அவனுக்கு இன்னா தெரியும்ன்றாரு. நீ கடைல இருந்தவ. நீ சொன்னா கேப்பாரு. இல்லன்னு ஒரு வார்த்த சொல்லிட்டுப் போயிடும்மா. எனக்கு மனுசன் வேணும்.” 

சும்மா என் வாயால் சொன்னால் நம்ப மாட்டார் என்று, நான் முதலில் சின்ன முதலாளியைப் போய்ப் பார்த்தேன். கண்ணாடி அறையில் உட்காரவைத்து காபி கொடுத்தார். விஷயத்தைச் சொன்னேன். அவர் உண்மையாகவே திடுக்கிட்டார். “அவரா? இன்னுமா வெயிட் பண்ணினுகீறாரு? அவர எங்க வெக்கிறது மா? எல்லாம் கம்ப்யூட்டர், எல்லாம் சின்னப் பசங்க. அதுக்குத்தான அன்னிக்கு அவ்ளோ மரியாத பண்ணி அனுப்பினோம்? அவருக்கே தெரிஞ்சிருக்குமே” என்றார். “அவருக்கு வேல இல்லன்னு நீங்களே ஒரு வார்த்த சொல்லிடுங்க சார்” என்றேன். “அய்யோ, நான் எப்பிடி அவராண்ட அத சொல்றது? அப்பா மாதிரி பாத்துகினு இருந்தவரு” என்றார். அவர் கண்ணில் நீர் வந்தது. பொய்யான நீர் அல்ல. அதுதான் என்னால் தாங்க முடியாததாக இருந்தது. ஒரு கெட்டவனாவது இருந்திருந்தால் மனம் ஆறியிருக்கும்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து நேராக அவர் வீட்டுக்குப் போனேன். ஞாயிறானாலும் டை கட்டித்தான் இருந்தார். சட்டைக் காலருக்கும் கழுத்துக்கும் நடுவில் ஒரு கை நுழைகிற இடைவெளி இருந்தது. என்னைக் கண்டதில் சந்தோஷம். புதுக் கடையில் எந்த மாடியில் என்ன வைத்திருக்கிறார்கள், பட்டை ஏன் கீழே இறக்கினார்கள் என்று பேசிக்கொண்டே இருந்தார். நான் நடுவில் புகுந்து சொல்லிவிட்டேன். நீட்டி முழக்கினால் என்னால் முடியாது என்று தெரியும்.

“சார், அவங்க உங்கள கூப்புட மாட்டாங்க. அங்க உங்களுக்கு வேல இல்ல சார்.”

உள்ளே பாத்திரம் உருட்டிக்கொண்டிருந்த சத்தம் நின்றது. அவர் என்னையே பார்த்தார். “நீயா சொல்றியா, யார்னா சொன்னாங்களா?” என்று கேட்டார்.

“சின்ன மொதலாளியையே பாத்துக் கேட்டேன் சார்.”

“அவரு வாயால சொன்னாரா?”

“சொன்னாரு சார்.”

தலையைக் குனிந்துகொண்டார். டையின் நுனியைப் பிடித்து மடியில் வைத்து, புடவைக்குச் செய்வது போல உள்ளங்கையால் நீவினார். அழுதுவிடுவார் என்று பயந்தேன். அழுதால் நல்லது என்றும் நினைத்தேன். நிமிர்ந்தபோது அவர் முகத்தில் ஒரு தெளிவு இருந்தது. என்னைத் தேற்றுகிற குரலில் பேசினார்.

“உன்னாண்டதானம்மா சொன்னாரு. என்னாண்ட சொல்லலியே.”

 அவர் மனைவி உள்ளிருந்து வெளியே வரவில்லை. போயிட்டு வரேன் சார் என்று எழுந்தேன். “வாம்மா, அடிக்கடி வா” என்று வாசல்வரை வந்து அனுப்பினார்.

அதன்பிறகும் மனிதர்களிடம் உண்மையைச் சொல்லிவிட்டால் அது வேலை செய்யும் என்று நினைக்க எனக்குத் தைரியம் இல்லை. நேற்று பஸ் ஸ்டாண்டில் அந்த அம்மாவைப் பார்த்தேன். சார் எப்படி இருக்கிறார் என்று கேட்டேன். காலையில் போய்க் கடைக்கு எதிரே நின்றுவிட்டு மதியம் திரும்புகிறார் என்றார். கண் சரியாகத் தெரிவதில்லையாம், ஆட்டோ ஓட்டுகிறவர் யாராவது வீட்டில் கொண்டுவந்து விடுகிறார்களாம். எத்தனை நாள்தான் என்று மனம் வெறுத்துப்போய், அவருடைய வெள்ளைச் சட்டைக்கு இஸ்திரி போடுவதை நிறுத்திவிட்டேன் என்று சொன்னார். கசங்கின சட்டையோடு போக மனசு வராமல் வீட்டிலேயே இருந்துவிடுவார் என்று நினைத்தாராம். இப்போது இஸ்திரியை அவரே போட்டுக்கொள்கிறார்.